அணில் என்னும் பெயர் ரத்து செய்யப்படுவது குறித்து மச்சானுக்கு ஓர் அறிவிப்பு

பெருமதிப்புக்கும் அதைவிடப் பெரிய அன்புக்கும் உரிய மச்சான் அவர்களுக்கு,

உங்கள் தங்கையின் கணவன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கு நான், உங்கள் தங்கை, உங்கள் மருமகளான எங்கள் மகள் மூவரும் சுகம். நீங்களும் உங்கள் மனைவியான தங்கச்சியும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். உங்கள் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்றும் நம்புகிறேன். இவ்வளவும் நம்பிய பிறகு நேராக விஷயத்துக்கு வருவதுதான் எனக்கு நல்லது, ஏனென்றால் உங்கள் தங்கை கதவருகில் நின்றுகொண்டு "சுத்தி வளைக்காம எழுதுங்க, ஆனா அண்ணன் மனசு நோகாமயும் எழுதுங்க" என்று ஒரே நேரத்தில் இரண்டு தண்டவாளத்தில் என்னை ஓடச் சொல்கிறாள். போனில் பேசிவிடலாமே என்று நீங்கள் நினைக்கலாம். என் புதுப் பல் செட்டில் 'ச' வரும்போதெல்லாம் விசில் அடிக்கிறது. இது கோபமாகச் சொல்ல வேண்டிய விஷயம். விசிலோடு கோபப்பட்டால் எடுபடாது, ஆகவே கடிதம்.

உங்கள் கடிதம் கிடைத்தது. "சின்ன விளையாட்டைக்கூடத் தாங்கத் தெரியாத பிள்ளையை வளர்த்திருக்கிறீர்கள். மாஸ்டரிடம் மன்னிப்புக் கேட்டு, எடுத்துப்போன அச்சைத் திருப்பி வைக்கச் சொல்லவும். நான் வாங்கிக் கொடுத்த வேலை, முதலாளி முகத்தில் எப்படி விழிப்பேன்?" என்று எழுதியிருந்தீர்கள். இதில் 'வளர்த்திருக்கிறீர்கள்' என்பதை மட்டும் முழு மனதோடு ஒப்புக்கொள்கிறேன். ஆமாம் மச்சான், வளர்த்திருக்கிறோம். மற்றபடி அவள் மன்னிப்புக் கேட்கப் போவதில்லை. இதை முதலிலேயே அறிவித்துவிட்டால் நீங்கள் கடைசிவரை காத்திருந்து ஏமாற வேண்டாம். வண்டி வராது என்று தெரிந்தால் பயணிகளிடம் உடனே சொல்லிவிட வேண்டும் என்பது நான் ரயில் நிலைய ஒலிபெருக்கியில் வேலை பார்த்த காலம் முழுக்கக் கடைப்பிடித்த கொள்கை.

முதலாளியை உங்களுக்குத் தெரியும், ஆனால் அவருடைய பல் செய்யும் லேப் உள்ளே எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாது, எனக்கும் சமீபத்தில்தான் தெரிந்தது, அதனால் அதை முதலில் சொல்கிறேன். நீளமான ஓர் அறை. ஜன்னலை ஒட்டி வரிசையாக மேஜைகள், ஒவ்வொன்றிலும் ஒரு விளக்கு, ஒரு சின்னத் தீச்சுடர், தேய்க்கும் இயந்திரம். எல்லாவற்றின் மேலும் அச்சு வார்க்கும் வெள்ளைப் பிளாஸ்டர் மாவு படிந்திருக்கிறது. ஊரில் இருக்கும் பல் டாக்டர்கள் எல்லாம் வாய்களின் அச்சை இங்கே அனுப்புகிறார்கள், இவர்கள் அதைப் பார்த்துப் பல் செய்து திருப்பி அனுப்புகிறார்கள். மொத்த ஊரும் சாப்பிடுவதும் சிரிப்பதும் இந்த அறையின் தயவில்தான். அங்கே ஒரு வழக்கம் உண்டு. புதிதாக யார் சேர்ந்தாலும் அவர்களுடைய முதல் வேலை, தங்கள் சொந்த வாயை அச்செடுத்து மாவில் வார்ப்பது. அந்த அச்சை வாசலுக்கு எதிரே இருக்கும் அலமாரியில் வைப்பார்கள். மாஸ்டர் முதல் பெருக்குகிற அம்மா வரை எல்லோருடைய பல்லும் அங்கே வரிசையாக உட்கார்ந்திருக்கும். ஒருவர் வேலையை விட்டுப் போகும்போது தன் அச்சைக் கையில் எடுத்துக்கொண்டு போவார். அச்சை எடுத்தால் போகிறார் என்று அர்த்தம். வேறு ராஜினாமா எதுவும் அங்கே கிடையாதாம்.

உங்கள் மருமகளின் முன்பற்கள் இரண்டும் எப்படிப்பட்டவை என்று நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எல்லோருக்கும் முன்னால் வந்து நின்று வரவேற்கும் பற்கள். என் பற்கள் அவை. என்னுடையவை ஈறு நோயில் ஒவ்வொன்றாக விடைபெற்றுப் போய்விட்டன, அவளிடம் இருப்பவைதான் மிச்சம், அழகான பற்கள். அவளுடைய அச்சும் அலமாரியில் ஏறியது. முதல் நாளே முதலாளி அவளை எல்லோருக்கும் அறிமுகப்படுத்தும்போது "இவதான் அணில்" என்றாராம். அந்தப் பெயர் அவருக்கு எப்படித் தெரிந்தது என்பதற்குப் பின்னால் வருகிறேன், நீங்கள் இப்போதே வியர்க்க வேண்டாம். மறுநாள் காலையில் அலமாரியில் அவளுடைய அச்சின் பல்லிடுக்கில் ஒரு வேர்க்கடலை இருந்தது. எல்லோரும் சிரித்தார்கள், இவளும் சிரித்தாள், வீட்டுக்கு வந்து எங்களிடம் சொல்லிக்கூடச் சிரித்தாள். நாங்களும் ஆகா, பிள்ளையைச் சேர்த்துக்கொண்டார்கள் என்று சந்தோஷப்பட்டோம். வேலை செய்யும் இடத்தில் கேலி இல்லாவிட்டால் அது வேலை செய்யும் இடமா? எங்கள் நிலையத்தில் நான் ஒருமுறை மைக்கை அணைக்க மறந்து கொட்டாவி விட்டு, அது நான்கு நடைமேடையிலும் கேட்டுவிட்டது. அதற்குப் பிறகு என்னை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை, கொட்டாவி என்றுதான் கூப்பிட்டார்கள். நானும் அவனவனுக்குப் பொருத்தமாக ஒன்று வைத்துத் திருப்பிக் கொடுத்தேன், கணக்கு நேராகிவிட்டது.

ஆனால் கடலை நிற்கவில்லை மச்சான். தினமும் காலையில் ஒரு கடலை. வைப்பது மாஸ்டர், அங்கே எல்லோருக்கும் வேலை சொல்லிக் கொடுப்பவர். கெட்ட மனுஷர் இல்லை, கையில் அபாரமான வேலை, பீங்கானில் ஒரு பல் செய்து வைத்தால் அதன் சொந்தக்காரருக்கே எது தன் பல் என்று தெரியாது. அவருக்குக் காலையில் எல்லோரையும் சிரிக்க வைக்காமல் கை ஓடாது. அங்கே கீல் வைத்த ஓர் இரும்புத் தாடை இருக்கிறது, மேல் அச்சையும் கீழ் அச்சையும் அதில் பொருத்திக் கடிக்க வைத்துப் பார்ப்பார்கள். அதில் இவளுடைய அச்சை மாட்டி, இவள் ஏதாவது பேசினால் இவள் பேச்சுக்கு ஏற்றபடி கட கட கடவென்று அசைப்பார். "மாஸ்டர், அந்த மேல் செட்டு ரெடி" என்று இவள் சொன்னால் தாடையும் கட கட கட. டாக்டர் வீட்டிலிருந்து ஆள் வந்தால் "அணிலைப் பாத்தீங்களா?" என்று அலமாரிக்குக் கூட்டிப் போய்க் காட்டுவார். இவள் என்ன செய்தாள்? சிரித்தாள். பிறகு சிரிக்கும்போது கையால் வாயை மூடிக்கொண்டாள். பிறகு பேசும்போதும் மூடிக்கொண்டாள். பிறகு வீட்டில் எங்களிடம் பேசும்போதும் மூடிக்கொண்டாள். அந்தக் கை வாயில் போய் உட்கார்ந்ததை உங்கள் தங்கைதான் முதலில் பார்த்தாள், நான் பிள்ளைக்கு ஜலதோஷம் என்று நினைத்தேன்.

ஒருநாள் சாப்பிடும்போது, ஏதோ செருப்பு வாங்கப் போகிறேன் என்பதைப் போல, "பல் டாக்டரம்மாகிட்ட நாள் கேட்டிருக்கேன், முன்பல்லு ரெண்டையும் தேய்ச்சுக் குறைச்சிட்டு மேல உறை போட்டுக்கப் போறேன்" என்றாள். "எதுக்கு, சொத்தையா?" என்றேன். "இல்லப்பா, நல்லாத்தான் இருக்கு." மச்சான், இந்த வேலையில் இருப்பவளுக்கு நல்ல பல் என்றால் என்னவென்று நம்மைவிடத் தெரியும். தேய்த்த பல் திரும்ப வளராது என்றும் தெரியும். தெரிந்துகொண்டே இரண்டு நல்ல பல்லைக் குச்சியாகத் தேய்த்துக்கொள்ள நாள் குறித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறாள். உங்கள் தங்கை எழுந்து உள்ளே போய்விட்டாள். பாத்திரம் விழும் சத்தம் கேட்டது, பாத்திரம் விழவில்லை, போடப்பட்டது. அன்றுதான் இவள் அழுதாள், அன்றுதான் எங்களுக்குக் கடலைக் கதை முழுதும் தெரிந்தது.

உங்கள் தங்கை கேட்டாள், "பிடிக்கலைன்னு அவர்கிட்ட சொன்னியா?" இவள், "தமாஷுக்குத்தானேம்மா செய்றாரு, அதைப் போய் எப்படிச் சொல்றது, நானும் சிரிச்சிட்டேனே" என்றாள். என்னைக் கொட்டாவி என்றார்கள், நான் சிரித்தேன், அது தமாஷ். இவளை அணில் என்கிறார்கள், இவளும் சிரித்தாள், இது ஏன் தமாஷ் இல்லை? நான் இரண்டு நாள் குழம்பித் திரிந்தேன். அவள் குழம்பவில்லை. தன் வேலையிலிருந்தே பதிலை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

அந்த லேபில் மாஸ்டர் போட்ட ஒரு சட்டம் இருக்கிறது, அவரே சுவரில் எழுதி ஒட்டியது. பல் செட்டு எவ்வளவு நன்றாகச் செய்தாலும் வாயில் போட்டதும் எங்காவது ஓரிடத்தில் தலைமுடி அளவு தூக்கலாக இருக்கும். செய்தவன் கண்ணுக்கு அது தெரியாது. அதனால் ஒரு மெல்லிய நீலக் காகிதத்தைப் பல்லுக்கு நடுவில் வைத்துக் கடிக்கச் சொல்லிக் கேட்பார்கள். தூக்கலான இடத்தில் நீலம் ஒட்டிக்கொள்ளும், அந்த இடத்தைத் தேய்த்துக் கொடுப்பார்கள். சுவரில் இருக்கும் வாசகம் இது: "தூக்கலாக இருக்கிறது என்று சொன்னால் வாதாடக் கூடாது. வாங்கித் தேய்த்துக் கொடுக்க வேண்டும்." மறுநாள் காலையில் கடலை வந்தது, தாடை கட கட என்றது, இவள் கையை வாயிலிருந்து எடுத்துவிட்டு, எல்லோரும் கேட்கும்படி, ஆனால் சத்தம் போடாமல், "மாஸ்டர், இது எனக்குத் தூக்கலா இருக்கு" என்றாளாம். எல்லோரும் சுவரைப் பார்த்தார்களாம். மாஸ்டர் மட்டும் பார்க்கவில்லை. "என்னம்மா நீ, இத்தனை நாளா நீயும்தானே சிரிச்சே, உனக்குத் தமாஷே புரியல" என்றாராம். அதற்கு அடுத்த நாள் காலையில் அச்சின் வாயில் இரண்டு கடலை.

அப்போதுதான் அவள் அலமாரியிலிருந்து தன் அச்சை எடுத்தாள். எடுத்துக் கடலையைத் தட்டிவிட்டு, துணியில் சுற்றி, சாப்பாட்டுப் பையில் வைத்துக்கொண்டாள். அறையே எழுந்து நின்றுவிட்டதாம். மெழுகில் பல் அடுக்கும் அக்கா ஒருத்தி இருக்கிறாள், அவள் ஓடிவந்து "போறியா?" என்று கேட்டு அழவே ஆரம்பித்துவிட்டாளாம். இவள் "இல்லக்கா, எனக்கு மத்தியானத்துக்குள்ள ரெண்டு செட்டு முடிக்கணும்" என்று சொல்லித் தன் மேஜையில் உட்கார்ந்து விளக்கைப் போட்டாள். அச்சை எடுத்தவள் வேலைக்கும் வருகிறாள் என்றால் என்ன செய்வது என்று அந்த லேபில் யாருக்கும் தெரியவில்லை. அதற்கு அங்கே சட்டம் இல்லை. மாஸ்டர் முதலாளியிடம் போனார், முதலாளி உங்களிடம் வந்தார், நீங்கள் எனக்கு எழுதினீர்கள்.

உங்கள் கடிதம் வருவதற்கு முன்பே நான் ஒரு காரியம் செய்தேன், அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், எப்படியும் முதலாளி சொல்லியிருப்பார். மகளிடம் சொல்லாமல் நான் லேபுக்குப் போனேன். பழைய நிலையக் கோட்டைப் போட்டுக்கொண்டு போனேன். பஸ்ஸில் போகும்போதே பேச வேண்டியதை ஒத்திகை பார்த்தேன். "சக ஊழியரைச் சிறுமைப்படுத்திச் சிரிப்பது சிறப்பான செயலா, சொல்லுங்கள்!" எவ்வளவு கம்பீரமான வாக்கியம். எழுதியவனுக்குத் தன் வாயில் என்ன பல் இருக்கிறது என்ற நினைவு இல்லை, அவ்வளவுதான் குறை. வாசலில் மெழுகு அக்கா என்னைப் பார்த்ததும் "மேல் செட்டா, கீழ் செட்டா?" என்றாள். நான் கோபமாக "ரெண்டும்!" என்றேன். அவள் என்னை ஒரு முக்காலியில் உட்கார வைத்தாள். அது இன்னும் காயாத மாவு கொட்டியிருந்த முக்காலி, எழுந்தபோது கோட்டின் பின்பக்கம் முழுக்க ஈர மாவு அப்பியிருந்தது. அந்த நிலையில் நின்றுகொண்டு நான் மாஸ்டரை நோக்கிக் கையை நீட்டி என் வாக்கியத்தை ஆரம்பித்தேன். சக, விசில். சிறுமை, விசில். சிரிப்பது, நீண்ட விசில். மெழுகு அக்கா தாங்க முடியாமல், "ஸ்டேஷன்ல இருந்தவருக்கு விசில் வராம வேற என்ன வரும்?" என்றாள். அறை முழுக்கச் சிரித்தது, மாஸ்டர் சிரித்தார், மச்சான், சத்தியமாகச் சொல்கிறேன், எல்லோரையும்விட அதிகமாக நான்தான் சிரித்தேன். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். என் மகள் மட்டும் தன் மேஜையிலிருந்து எழுந்து, "அப்பா, நீங்க எதுக்கு வந்தீங்க?" என்று என்னைப் பார்த்தாள், அந்தப் பார்வையில் என் கோட்டின் முன்பக்கமும் வியர்வையில் ஈரமாகிவிட்டது.

மாஸ்டர் விடுவாரா? "பாரும்மா, உங்கப்பா வயசானவரு, எவ்வளவு சந்தோஷமா எடுத்துக்கறாரு. இதுதான் தமாஷு. நீதான் எதுக்கெடுத்தாலும் மூஞ்சியத் தூக்குறே" என்றார். நான் போன வேலை தலைகீழாகிவிட்டது. மகளுக்காகச் சண்டை போட வந்தவனே எதிர்க்கட்சிக்குச் சாட்சியாகிவிட்டேன்.

இங்கே என் பல்லைப் பற்றி ஒரு வார்த்தை. இந்தச் செட்டு அவள் தனியாகச் செய்த முதல் முழுச் செட்டு. எல்லோரும் நேராக, முத்து கோத்தது மாதிரிதான் கேட்பார்கள், மாஸ்டரும் அப்படித்தான் அடுக்கச் சொன்னாராம். இவள் எங்கள் கல்யாணப் போட்டோவை எடுத்துப் போய்ப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, என் பழைய முன்பற்கள் இரண்டும் எவ்வளவு முன்னால் நின்றனவோ அவ்வளவு முன்னால் நிறுத்தி வைத்துச் செய்தாள். போட்டுக்கொண்டு கண்ணாடியில் பார்த்தபோது என் முகம் எனக்குத் திரும்பி வந்திருந்தது. அப்படிப்பட்ட பல்லில் குறை சொல்ல எனக்கு வாய் வருமா? பின்பக்கம் வலதுபுறம் கடிக்கும்போதெல்லாம் சுருக்கென்று குத்தியது. நான் இடதுபுறமாகவே மென்று, "அருமையா இருக்கும்மா" என்று சொல்லிக்கொண்டே காலம் தள்ளினேன்.

அவள் என்னைத் தன் நாற்காலியில் உட்கார வைத்தாள். நீலக் காகிதத்தைக் கிழித்து என் வாயில் வைத்து, "கடிங்கப்பா" என்றாள். கடித்தேன். "தூக்கலா இருக்கா?"

"சே, இல்லம்மா, அருமையா இருக்கு" என்றேன், 'சே'யில் விசிலோடு.

"அப்பா. உண்மையச் சொல்லுங்க."

அறை முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. "கொஞ்சம்" என்றேன்.

"எப்போலேர்ந்து?"

"போட்ட நாள்லேர்ந்து."

"அப்புறம் ஏன் நல்லாருக்கு, நல்லாருக்குன்னு சிரிச்சீங்க?"

"நீ ஆசையா செஞ்சது. எப்படிம்மா சொல்றது?"

அவள் வாதாடவில்லை. உங்க தாடை கோணல் என்று சொல்லவில்லை. மத்தவங்க எல்லாம் சும்மாதானே போட்டுக்கறாங்க என்று சொல்லவில்லை. இத்தனை நாள் சிரிச்சீங்களே என்றும் சொல்லவில்லை. கையை நீட்டினாள், நான் பல்லைக் கழற்றிக் கொடுத்தேன். நீலம் பட்ட இடத்தை இயந்திரத்தில் ஒரு தொடு தொட்டுத் தேய்த்தாள், விரலால் தடவிப் பார்த்தாள், கழுவித் திருப்பித் தந்தாள். போட்டுக் கடித்தேன். குத்தல் போயே போய்விட்டது. "விசிலையும் எடுத்துரட்டுமா?" என்றாள். "வேணாம், அது இருக்கட்டும், எனக்குப் பிடிச்சிருக்கு" என்றேன், உண்மையாகவே. அதற்குப் பிறகுதான் அவள் திரும்பி, வாயை மூடாமல், இரண்டு முன்பல்லும் முழுசாகத் தெரிய, "மாஸ்டர், நான் உங்ககிட்ட கேட்டது இவ்வளவுதான்" என்றாள்.

மச்சான், நான் எத்தனையோ அறிவிப்பு செய்திருக்கிறேன். மந்திரி வண்டி வருவதை அறிவித்திருக்கிறேன். அந்த ஒரு வரிக்கு முன்னால் அத்தனையும் கொட்டாவிதான். என் மகள் என்று எழுந்து நின்று கத்த வேண்டும்போல் இருந்தது. எழுந்தேன், கோட்டு நாற்காலியில் ஒட்டிக்கொண்டு நாற்காலியும் எழுந்தது, ஆகவே உட்கார்ந்துவிட்டேன். மாஸ்டர் சுவரில் இருந்த தன் வாசகத்தைப் படித்துக்கொண்டிருந்தார், அவர் எழுதியதே அவருக்குப் புதிதாக இருந்ததுபோல. அன்றிலிருந்து கடலை இல்லை. ஆனாலும் அச்சு திரும்பி வர வேண்டும், மன்னிப்பும் வர வேண்டும், இல்லாவிட்டால் வேலை இல்லை என்று முதலாளி நிற்கிறார், அவர் பின்னால் நீங்கள் நிற்கிறீர்கள். அவள் எதற்கு மன்னிப்புக் கேட்பாள்? தன் பல்லைத் தானே எடுத்ததற்கா? வேலை போனால் போகட்டும், இந்தக் கைக்கு வேறு லேப் கிடைக்கும். டாக்டரம்மாவிடம் குறித்த நாளை ரத்து செய்துவிட்டாள், எனக்கு அது போதும்.

இனி உங்கள் பங்குக்கு வருகிறேன். உங்கள் தங்கை உள்ளே போய்விட்டாள், தைரியமாக எழுதுகிறேன். முதலாளியிடம் வேலை கேட்டபோது "நம்ம அணிலை அனுப்புறேன், பாத்துக்கங்க" என்று சொன்னது நீங்கள். அவள் ஏழு வயதில் முன்பல் முளைத்து உங்கள் வீட்டுக்கு வந்தபோது அந்தப் பெயரை வைத்ததும் நீங்கள். பாசமாகத்தான் வைத்தீர்கள், சந்தேகமே இல்லை. கல்யாணத்தன்று எனக்கும் ஒன்று வைத்தீர்கள், நான் உங்கள் வயிற்றைப் பார்த்துப் பதிலுக்கு ஒன்று வைத்தேன், இன்றுவரை இரண்டு பேரும் சிரிக்கிறோம். ஏழு வயதுப் பிள்ளை தாய்மாமனுக்கு என்ன பெயர் வைக்கும்? மடியில் உட்கார்ந்துகொண்டு சிரிக்கத்தான் செய்யும். ஆகவே பயணிகளின், அதாவது உங்கள், கனிவான கவனத்திற்கு: அணில் என்னும் பெயர் இன்று முதல் நிரந்தரமாக ரத்து செய்யப்படுகிறது. மாற்று ஏற்பாடாக, பிறந்தபோது வைத்த பெயரையே பயன்படுத்திக்கொள்ளவும், அது நன்றாகத்தான் இருக்கிறது. இதற்கு உங்களுக்குக் கோபம் வந்தால் என்மேல் வரட்டும், பிள்ளைமேல் வேண்டாம். அவளுக்காக ஒருவராவது உங்கள் முன்னால் நிமிர்ந்து நிற்க வேண்டும், அது அவள் தகப்பன்தான்.

தங்கச்சிக்கு என் அன்பான விசாரிப்பு. உங்கள் முழங்காலும் மனசும் சீக்கிரம் சரியாக வேண்டும், உங்கள் வீட்டில் எல்லோரும் வாய்நிறையச் சிரித்து நெடுங்காலம் வாழ வேண்டும் என்று வேண்டிக்கொண்டு,

என்றும் உங்கள் மரியாதைக்குக் குறை வைக்காத,
தங்கை வீட்டுக்காரன்

பின்குறிப்பு: இதை உறையில் போடும் நேரத்தில் உங்கள் மருமகள் வேலையிலிருந்து வந்துவிட்டாள். பிடுங்கிப் படித்தாள். நாற்காலி எழுந்த இடத்தில் வாயை மூடாமல் சிரித்தாள், கடைசிப் பகுதிக்கு வந்ததும் "அய்யோ அப்பா, நீங்க லேபுக்கு வந்த அன்னைக்கே மாமாகிட்ட நான் போன்ல பேசிட்டேனே" என்றாள். "மாமா, அணில்ங்கிற பேரு எனக்குத் தூக்கலா இருக்கு" என்று சொன்னாளாம். நீங்கள் "எப்போலேர்ந்தும்மா?" என்று கேட்டீர்களாம். "ஏழு வயசுலேர்ந்து." "நீ சிரிப்பியேம்மா." "ஆமா மாமா, சிரிப்பேன்." "சரி. இனிமே இல்ல" என்றீர்களாம். சொன்னதோடு நிற்காமல், மன்னிப்பும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம் என்று அன்று மாலையே முதலாளிக்கும் போன் செய்தீர்களாம். உங்கள் கடிதம் அதற்கு முன்னால் தபாலில் ஏறிவிட்டது, அவ்வளவுதான். அச்சை நாளை அவளே கொண்டுபோய் வைக்கிறாளாம். எடுத்தது நான், வைப்பதும் நான் என்கிறாள். மாஸ்டர் அவளுடைய இடத்தைத் துடைத்து வைத்திருக்கிறாராம்.

இதோடு நிற்கவில்லை. கடிதத்தை மேஜையில் விரித்து, பையிலிருந்து அந்த நீலக் காகிதத்தை எடுத்து, "இதுலயும் சில இடம் தூக்கலா இருக்குப்பா" என்று தனக்குக் குத்திய இடங்களில் எல்லாம் வைத்து அழுத்திவிட்டாள். அவள் அழுத இடத்தில் ஒரு நீலம். உங்களைத் திட்டிய இடம் முழுக்க நீலம். அழகான பற்கள் என்று எழுதிய இடத்தில் தொடவில்லை. நான் வாதாடவில்லை மச்சான், எங்கள் வீட்டிலும் இப்போது அதுதான் சட்டம். தேய்த்து எழுத வேறு தாள் இல்லாததால், நீலம் பட்ட இடங்களைப் படிக்காமல் தாண்டிச் செல்லுமாறு கேட்டுக்கொள்கிறேன். இதை முதல் பக்கத்திலேயே அறிவித்திருக்க வேண்டும். ஏற்பட்ட தாமதத்திற்கு வருந்துகிறேன்.